அந்தக் கட்டின் முடிச்சை அவிழ்த்தீர்களா? மேல்முறையீட்டு நீதிபதிகளுக்கு ஒரு திறந்த மடல்

பெறுநர்: குற்றவியல் மேல்முறையீடுகளைக் கேட்கும் அமர்வு நீதிபதிகள், அவர்களைக் கண்காணிக்கும் பொறுப்பில் உள்ள சென்னை உயர்நீதிமன்றம்.

ஐயா, அம்மா,

என் தம்பியின் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்த தீர்ப்பு 9 பக்கம். கடைசிப் பக்கத்தில் ‘மேல்முறையீட்டாளர்கள் தரப்பில் எழுப்பப்பட்ட வாதங்கள் ஏற்புடையதாக இல்லை’ என்று இருக்கிறது. மேல்முறையீடு செய்தது என் தம்பி ஒருவன்தான். அந்த வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவர் அவனைத் தவிர வேறு யாரும் கிடையாது. அந்த ‘கள்’ எங்கிருந்து வந்தது என்று தேடப் போய்த்தான் இந்த மடலை எழுத வேண்டியதாயிற்று.

நான் 26 வருஷமாக வக்கீல் குமாஸ்தா. தர்மபுரி மாவட்டத்துக்காரன். வக்காலத்து எழுதுவது, நகல் மனு போடுவது, வாய்தா தேதியைக் கட்சிக்காரருக்குப் போன் பண்ணிச் சொல்வது, கீழ்க்கோர்ட்டின் வழக்கு ஆவணக் கட்டு மேலே வந்துவிட்டதா என்று செக்ஷனில் போய் விசாரிப்பது, இதெல்லாம் என் பிழைப்பு. தம்பியின் வழக்கு எந்த நீதிமன்றத்தில் நடந்தது, எந்த வருஷத் தீர்ப்பு என்பதை எழுதப் போவதில்லை. ஒருவரை மாட்டிவிட்டு எனக்கு ஆகப்போவது ஒன்றுமில்லை. எங்கள் வக்கீல் ஐயா இந்த மடலைப் படித்துவிட்டு, “பேர் எதுவும் இல்லையே? சரி, போடு” என்றார். அப்புறம்தான் தைரியம் வந்தது.

வழக்கு ஒன்றும் பெரிய வழக்கு இல்லை. களத்துக்குப் போகும் வண்டித்தடத்தில் பங்காளி வீட்டார் முள் வெட்டிப் போட்டார்கள். பேச்சு வளர்ந்து கைகலப்பானது. ராகி அறுப்புக் காலம், இரவு ஏழரை மணி. பங்காளிக்குத் தலையில் காயம், நாலு தையல். என் தம்பி கொடுவாளால் வெட்டினான் என்று வழக்கு. இந்திய தண்டனைச் சட்டம் 324ஆம் பிரிவில் மாஜிஸ்திரேட் கோர்ட் ஓராண்டு சிறை கொடுத்தது. அமர்வு நீதிமன்றத்துக்குப் போனோம்.

தம்பி யோக்கியன் என்று இங்கே வாதாட வரவில்லை. அன்றைக்குச் சட்டையைப் பிடித்துச் சண்டை போட்டதை அவனே என்னிடம் ஒத்துக்கொண்டான். வெட்டினானா இல்லையா என்பதுதான் கேள்வி. அண்ணன்காரன் சொல்லும் பதிலுக்கு மதிப்பு கிடையாது. மதிப்புள்ள பதிலைச் சொல்ல வேண்டிய இடத்தில் நீங்கள் இருக்கிறீர்கள்.

மேல்முறையீட்டில் எங்கள் வக்கீல் முக்கால் மணி நேரம் வாதாடினார், 11 பக்கத்துக்கு எழுத்துப்பூர்வ வாதுரையும் கொடுத்தார். சாரம் மூன்று விஷயம்.

முதலாவது வெளிச்சம். பார்த்த சாட்சிகள் இரண்டு பேரும் ‘கம்பத்து லைட் வெளிச்சத்தில் பார்த்தோம்’ என்றார்கள். போலீஸ் போட்ட மாதிரி வரைபடத்தில் களம் இருக்கிறது, புளியமரம் இருக்கிறது, ராகித் தாள் போர் கூட இருக்கிறது. கம்பம் இல்லை. குறுக்கு விசாரணையில் கேட்டதற்கு, ‘கம்பம் இருந்திருந்தால் வரைபடத்தில் காட்டியிருப்பேன்’ என்று புலன்விசாரணை அதிகாரியே சொன்னார். இரண்டாவது, ஆஸ்பத்திரி விபத்துப் பதிவேடு. அன்றிரவு காயம்பட்டவர் டாக்டரிடம் சொன்னதாக அதில் இருப்பது ‘தெரிந்த இரண்டு பேர் கல்லால் தாக்கியதாக’. கோர்ட்டில் அது ஒருவன், கொடுவாள் என்று ஆகிவிட்டது. மூன்றாவது, முதல் தகவல் அறிக்கை. ஸ்டேஷனிலிருந்து கோர்ட் 12 கிலோமீட்டர். இரவு 10 மணிக்குப் பதிவானதாகச் சொல்லப்படும் அறிக்கை மாஜிஸ்திரேட் கைக்குப் போனது மறுநாள் சாயங்காலம்.

இந்த மூன்றுக்கும் பதிலே இருக்க முடியாது என்று நான் சொல்லவில்லை. பிறந்ததிலிருந்து பக்கத்து வீட்டில் வளர்ந்தவனை இருட்டிலும் அடையாளம் தெரியும். ரத்தம் ஒழுக ஆஸ்பத்திரிக்குப் போனவர் பதற்றத்தில் மாற்றிச் சொல்லியிருக்கலாம். ஸ்டேஷனில் ஆள் இல்லாமல் அறிக்கை தாமதமாகியிருக்கலாம். இப்படி மூன்று வரி எழுதி எங்களைத் தோற்கடித்திருந்தால், தலையைக் குனிந்துகொண்டு போயிருப்போம்.

தீர்ப்பின் நகல் வந்த அன்று அதை வீட்டுக்கு எடுத்துப் போனேன். அப்பாவுக்கு 74 வயது. மூக்குக்கண்ணாடியின் ஒரு கால் உடைந்து, அந்தப் பக்கம் நூல் கட்டி மாட்டியிருப்பார். அவரால் அச்சு எழுத்தைக் கூட்டிப் படிக்க முடியும், கோர்ட் தமிழ் ஓடாது. திண்ணையில் உட்கார்ந்து நான் படிக்கப் படிக்கக் கேட்டார். முதல் ஆறரை பக்கம் மாஜிஸ்திரேட் தீர்ப்பில் இருந்ததே இருந்தது. அதில் ஒரு இடத்தில் ‘சாட்சியயம்’ என்று ‘ய’ இரண்டு தடவை விழுந்திருந்தது. அந்தப் பிழையும் அப்படியே ஏறி வந்திருந்தது. அப்புறம் இரு தரப்பு வக்கீல்களும் வாதாடினார்கள் என்று ஒரு பத்தி. கடைசியில் இது: ‘கீழமை நீதிமன்றம் சாட்சிகளையும் ஆவணங்களையும் முறையாகப் பரிசீலித்துச் சரியான முடிவுக்கு வந்துள்ளது. அதில் இந்நீதிமன்றம் தலையிட எவ்வித முகாந்திரமும் இல்லை.’

நான் படித்து முடித்ததும் அப்பா கேட்டார்: “லைட்டு பத்தி என்னா எழுதியிருக்காங்க?”

“எதுவும் எழுதலப்பா.”

“கம்பம் இருந்துச்சின்னு எழுதியிருக்காங்களா, இல்லன்னா?”

“ரெண்டும் இல்ல.”

கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், “அப்ப படிச்சாங்களா இல்லையா பெரியவனே?” என்றார்.

26 வருஷ சர்வீஸில் என்னிடம் அதற்குப் பதில் இல்லை.

கீழ்க்கோர்ட் கட்டு எப்படி வரும் என்பது உங்களுக்குத் தெரியும். சாட்சி வாக்குமூலம், மகஜர், வரைபடம், காயச் சான்று எல்லாவற்றையும் அடுக்கி, அட்டை வைத்து, நூலால் இறுக்கி முடிச்சுப் போட்டு அனுப்புவார்கள். நம் கோர்ட்டுகளில் அந்த முடிச்சு சாமானியத்தில் அவிழாது, பல்லால் கடித்து அவிழ்த்தவர்களைப் பார்த்திருக்கிறேன். என் தம்பியின் கட்டு உங்கள் மேஜைக்கு வந்தபோது அந்த முடிச்சு அவிழ்ந்ததா? அவிழ்ந்திருக்கலாம். நீங்கள் இரவு 11 மணி வரை அதை வைத்துப் படித்திருக்கலாம். வரைபடத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்திருக்கலாம். அதைத் தெரிந்துகொள்ள எங்களுக்கு இருக்கும் ஒரே சன்னல் தீர்ப்புதான். அதில் ஒன்றுமே தெரியவில்லை.

சட்டம் என்ன சொல்கிறது என்று உங்களுக்கே எழுதுவது அதிகப்பிரசங்கித்தனம்தான். ஆனாலும் இந்த மடலை மற்றவர்களும் படிப்பார்கள் என்பதால் எழுதுகிறேன். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 354ஆம் பிரிவு, தீர்ப்பில் மூன்று விஷயம் இருக்க வேண்டும் என்கிறது: தீர்மானிக்க வேண்டிய பிரச்சினை, அதன் மீதான முடிவு, முடிவுக்கான காரணம். அமர்வு நீதிமன்றத்தின் மேல்முறையீட்டுத் தீர்ப்புக்கும் இதே விதிதான் என்று 387ஆம் பிரிவு சொல்கிறது. 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் இவை 393, 428 என்று எண் மாறியிருக்கின்றன. விஷயம் மாறவில்லை. விசாரணைக்கே எடுக்காமல் வாசலிலேயே ஒரு மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்தால் கூட அமர்வு நீதிமன்றம் காரணத்தைப் பதிவு செய்ய வேண்டும் என்று பழைய 384ஆம் பிரிவில் இருந்தது. வாசலில் திருப்பி அனுப்பவே காரணம் வேண்டும் என்றால், முக்கால் மணி நேரம் வாதம் கேட்டுவிட்டுத் தள்ளுபடி செய்வதற்கு?

உச்ச நீதிமன்றமும் இதைத் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. 1996ல் பானி சிங் வழக்கில், மேல்முறையீட்டாளரோ அவர் வக்கீலோ வரவில்லை என்பதற்காகக் கூடத் தள்ளுபடி செய்யக் கூடாது, ஆவணங்களைப் படித்துத் தகுதியின் பேரில்தான் முடிவு செய்ய வேண்டும் என்றது. எனக்குப் பிடித்தது 2013ல் வந்த மஜ்ஜல் எதிர் ஹரியானா அரசு தீர்ப்பு. கீழ்க்கோர்ட்டோடு ஒத்துப்போனாலும் ஏன் ஒத்துப்போகிறோம் என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் சொல்ல வேண்டும், ஒரு மனிதனின் சுதந்திரம் போகிறது என்பதால் அந்த வேலையைச் செய்தே ஆக வேண்டும் என்கிறது அது. கையோடு இன்னொன்றும் சொல்கிறது: நீண்ட ஆய்வுக் கட்டுரை எழுதச் சொல்லவில்லை, சுருக்கமாக இருக்கலாம், ஆனால் முக்கியமான சாட்சியத்தையும் வாதத்தையும் மனசில் வாங்கியது அதில் தெரிய வேண்டும். நான் கேட்பதும் அவ்வளவுதான். அந்தத் தீர்ப்பு சொல்லப்பட்டது ஒரு உயர்நீதிமன்றத்துக்கு. அவர்களுக்கே அப்படி என்றால் உங்களுக்கும் அதுதானே.

வக்கீல் நண்பர் ஒருவர் எதிர்வாதம் வைத்தார். கீழ்க்கோர்ட் தீர்ப்போடு ஒத்துப்போகும்போது எல்லாக் காரணத்தையும் திரும்ப எழுத வேண்டியதில்லை, பொதுவாக ஒப்புதல் சொன்னால் போதும் என்று 1966லேயே கிரிஜாநந்தினி தேவி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறதே என்றார். உண்மைதான், ஆனால் அது சிவில் வழக்கு. அதே சிவில் பக்கத்திலேயே 2001ல் சந்தோஷ் ஹசாரி வழக்கில், பொதுவான ஒப்புதல் என்பது கடமையைத் தட்டிக்கழிக்கும் தந்திரமாகிவிடக் கூடாது என்று எச்சரிக்கையும் வந்துவிட்டது. நில வழக்குக்கே இந்த எச்சரிக்கை. தவிர, காரணத்தைத் திரும்ப எழுத வேண்டாம் என்பது, காரணம் ஏற்கெனவே எழுதியிருந்தால்தானே பொருந்தும்? கம்பத்தைப் பற்றி மாஜிஸ்திரேட்டும் எழுதவில்லை.

இப்போது ‘கள்’ விஷயம். எங்கள் ஆபீஸில் அதே நீதிமன்றத்தின் இன்னொரு மேல்முறையீட்டுத் தீர்ப்பு நகல் இருந்தது. வேறு ஊர், வேறு வழக்கு. நாலு பேர் மேல் அடிதடி. கடைசி இரண்டு பத்திகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். முற்றுப்புள்ளி உட்பட ஒன்றுதான். வழக்கு எண் மாறியிருக்கிறது, தண்டனைக் காலம் மாறியிருக்கிறது. ‘கள்’ளை எடுக்க மறந்திருக்கிறார்கள். கம்ப்யூட்டரில் டைப் அடிப்பவர் மேல் பழி போட்டுவிடாதீர்கள். கொடுத்ததைத்தான் அவர் அடிப்பார்.

ஓராண்டுத் தண்டனைக்கு இத்தனை பேச்சா என்று தோன்றலாம். மேல்முறையீடு முடிந்தால் அடுத்தது உயர்நீதிமன்றத்தில் சீராய்வு. சீராய்வில் பொதுவாகச் சாட்சியத்தை மறுபடி எடை போட மாட்டார்கள். இரண்டு நீதிமன்றங்களும் ஒரே முடிவுக்கு வந்திருக்கின்றன என்ற ஒரு வாக்கியத்திலேயே பாதி மனுக்களின் மூச்சு நின்றுவிடும். ஆக, சாட்சியத்தைப் பிரித்துப் பார்க்கிற கடைசி இடம் நீங்கள். என் தம்பியின் விஷயத்தில் வரைபடத்தில் கம்பம் இல்லை என்பதை இனி யாரும் பார்க்க வேண்டிய கட்டாயம் இல்லை. நாங்கள் 300 கிலோமீட்டர் தாண்டிச் சென்னைக்குப் போய், புதிதாக ஒரு வக்கீலைப் பிடித்து, ‘இந்தக் கேள்விக்குப் பதிலே சொல்லவில்லை’ என்பதையே ஒரு வாதமாக வைக்க வேண்டியிருக்கிறது. தக்காளி கிலோ 5 ரூபாய்க்குப் போன வருஷத்தில் அந்தச் செலவைச் செய்தோம். அதை விட்டுவிடுகிறேன், அது எங்கள் பாடு.

இது தண்டனை பெற்றவர்களின் புலம்பல் மட்டும் என்று நினைத்துவிட வேண்டாம். சில வருஷம் முன்னால் மலைக்கிராமத்துப் பெண் ஒருவர் எங்கள் ஆபீஸுக்கு வந்தார். அவரை அடித்தவருக்குக் கீழ்க்கோர்ட்டில் தண்டனை, மேல்முறையீட்டில் விடுதலை. ‘அரசுத் தரப்பு சந்தேகத்துக்கிடமின்றி நிரூபிக்கவில்லை’ என்பதோடு தீர்ப்பு முடிந்துவிட்டது. எந்த இடத்தில் சந்தேகம் என்று இல்லை. அந்தப் பெண் கேட்டார்: “நான் பொய் சொன்னேன்னு எழுதியிருக்காங்களாங்க?” அப்படி எழுதவில்லை என்றேன். “அப்ப நிசம்னு எழுதியிருக்காங்களா?” அப்படியும் இல்லை. விடுதலையை எதிர்த்து மேல்முறையீடு செய்யும் உரிமை பாதிக்கப்பட்டவருக்கு 2009 டிசம்பர் 31 முதல் இருக்கிறது. எதை எதிர்த்துச் செய்வது? 2004ல் தனிராம் லுஹர் வழக்கில், விடுதலையை எதிர்த்து அரசு போட்ட மனுவை ஒரிசா உயர்நீதிமன்றம் காரணம் சொல்லாமல் தள்ளியதற்காக உச்ச நீதிமன்றம் கடிந்துகொண்டது. காரணம் இல்லாத உத்தரவை மேலே உள்ள நீதிமன்றம் பரிசீலிக்கவே வழியில்லாமல் போகிறது என்பது அதில் ஒரு முக்கியக் குறை.

காரணத்தோடு எழுதிய தீர்ப்பு எப்படி இருக்கும் என்று தேட இந்த மாவட்டத்தை விட்டு வெளியே போக வேண்டியதில்லை. 1992 ஜூன் 20ல் சித்தேரி மலையடிவாரத்து வாச்சாத்தியில் வனத்துறை, போலீஸ், வருவாய்த்துறை ஆட்கள் புகுந்து ஊராரை அடித்து, பெண்களிடம் வன்கொடுமை செய்தார்கள். அந்த ஆட்கள் 269 பேர் மேல் வழக்கு. 2011 செப்டம்பர் 29ல் தர்மபுரி அமர்வு நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னபோது அதில் 54 பேர் உயிரோடு இல்லை, மீதி 215 பேரும் குற்றவாளிகள் என்றது. தண்டனை பெற்றவர்கள் மேல்முறையீடு போனார்கள். சென்னை உயர்நீதிமன்றத்தில் அதை விசாரித்த நீதிபதி பி.வேல்முருகன் 2023 மார்ச்சில் நேராக வாச்சாத்திக்கே வந்தார். சாட்சிகள் சொன்ன இடங்களைக் கண்ணால் பார்த்துவிட்டுப் போய், 2023 செப்டம்பர் 29ல், அதே தேதியில், மேல்முறையீடுகளைத் தள்ளுபடி செய்தார். அதுவும் தள்ளுபடிதான், தம்பிக்குக் கிடைத்ததும் தள்ளுபடிதான். ராகிக் களத்துக்கு வரச் சொல்லி நான் உங்களைக் கேட்கவில்லை. மேஜை மேல் இருக்கும் வரைபடத்தைப் பார்த்ததாக ஒரு வரி போதும்.

வேலைப்பளு தெரியாமல் பேசவில்லை. காலையில் தினசரிப் பட்டியலை நோட்டீஸ் போர்டில் ஒட்டும்போது அதன் நீளத்தை நான்தான் முதலில் பார்ப்பேன். ஜாமீன் மனு, சாட்சி விசாரணை, விபத்து இழப்பீடு எல்லாம் முடித்துவிட்டுத்தான் மேல்முறையீட்டைப் படிக்க முடியும். சுருக்கெழுத்தாளர் லீவ் என்றால் அன்றைக்குத் தீர்ப்பு நின்றுவிடும். ஆனால் தம்பி தீர்ப்பில் ஆறரை பக்கம் பழைய தீர்ப்பை அடிக்க நேரம் இருந்திருக்கிறது. அதை விட்டுவிட்டு அரைப் பக்கம் காரணம் எழுதியிருந்தால் எல்லோருக்கும் வேலை மிச்சம்.

இனி நான் கேட்பது.

அமர்வு நீதிபதிகளிடம்: மேல்முறையீட்டில் வைக்கப்பட்ட முக்கிய வாதங்களை, ‘வாதிட்டார்’ என்று மட்டும் எழுதி முடிக்காமல், இன்ன இன்ன என்று தீர்ப்பில் எழுதுங்கள். ஒவ்வொன்றையும் ஏற்றீர்களா, தள்ளினீர்களா, ஏன் என்று இரண்டு வரி சொல்லுங்கள். எந்தச் சாட்சியை நம்புகிறீர்கள், எதனால் என்பதை உங்கள் வார்த்தையில் எழுதுங்கள். கீழ்க்கோர்ட் தீர்ப்பை அப்படியே நகலெடுப்பதை நிறுத்துங்கள், அது ஏற்கெனவே கட்டில் இருக்கிறது. முடிவுப் பத்தியை இன்னொரு வழக்கிலிருந்து எடுக்காதீர்கள். தீர்ப்புச் சொல்லும் நாளில், கூண்டில் நிற்பவருக்கு ‘தள்ளுபடி’ என்ற ஒரு வார்த்தையோடு சேர்த்து முக்கியமான காரணத்தையும் தமிழில் சொல்லுங்கள். பெரும்பாலானவர்கள் நகலைப் படிக்கப் போவதில்லை, அன்று காதில் விழுவதுதான் அவர்களுக்குத் தீர்ப்பு.

உயர்நீதிமன்றத்திடம்: அரசியலமைப்புச் சட்டத்தின் 235ஆம் பிரிவு கீழமை நீதிமன்றங்களின் மேல் உங்களுக்குக் கட்டுப்பாட்டு அதிகாரம் தருகிறது. ஆய்வுக்கு வரும்போது எத்தனை மேல்முறையீடு முடிந்தது என்ற கணக்கோடு நிறுத்தாமல், முடிந்ததில் பத்துத் தீர்ப்புகளை எடுத்து, வாதுரையைப் பக்கத்தில் வைத்துப் படித்துப் பாருங்கள். தமிழ்நாடு மாநில நீதித்துறை அகாடமியின் பயிற்சியில் மேல்முறையீட்டுத் தீர்ப்பு எழுதுவதற்கென்று தனி வகுப்பு வையுங்கள், அதைத் தமிழில் நடத்துங்கள். காரணம் இல்லாத தீர்ப்பு சீராய்வில் வந்தால், அந்த ஒரு குறைக்காகவே தொடக்கத்திலேயே தண்டனையை நிறுத்திவைத்து, மேல்முறையீட்டை மறுபடி கேட்கத் திருப்பி அனுப்புங்கள். அனுப்பும்போது முடிப்பதற்கு ஒரு தேதியும் குறித்துக் கொடுங்கள். தேதி இல்லாவிட்டால் அந்தக் கட்டு இன்னும் எத்தனை வருஷம் செக்ஷனில் கிடக்கும் என்று எங்களைப் போன்றவர்களுக்குத் தெரியும்.

தம்பியின் சீராய்வு மனு நிலுவையில் இருக்கிறது. அதற்காக இந்த மடலில் எதுவும் கேட்கவில்லை.

இப்படிக்கு,
ஒரு வக்கீல் குமாஸ்தா,
தர்மபுரி மாவட்டம்.